999 எப்போது? கிளினிக் எப்போது?



அவசர உதவி விஷயத்தில் இரண்டு தவறுகள் உண்டு. பல் வலிக்கும் சளிக் காய்ச்சலுக்கும் 999-ஐ அழைப்பது ஒன்று. நெஞ்சைப் பிடித்துக்கொண்டு ஒருவர் வியர்த்து விறுவிறுத்துக் கிடக்க, "மண்டோரிடம் கேட்போம், கிராணி வரட்டும், விடிந்தபிறகு பார்ப்போம்" என்று காத்திருப்பது மற்றொன்று. முதல் தவறு இன்னொருவருக்கு வரவேண்டிய வண்டியைத் தாமதப்படுத்தும். இரண்டாவது தவறு நம் வீட்டு உயிரையே கொண்டுபோகும்.

நம் நாட்டில் போலீஸ், ஆம்புலன்ஸ், பொம்பா, பொதுத் தற்காப்புப் படை எல்லாவற்றுக்கும் 2007-ஆம் ஆண்டு முதல் 999 ஒரே எண்ணாக ஆக்கப்பட்டது. அதற்கு முன் தீயணைப்புக்கு 994 என்று இருந்ததைப் பெரியவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். இனி 999 ஒன்றே போதும். கைப்பேசியில் 112 அழுத்தினாலும் அங்கேதான் போய்ச் சேரும். இதற்குக் கட்டணம் கிடையாது. மேலாளரிடமோ மண்டோரிடமோ அனுமதி கேட்க வேண்டியதும் இல்லை. முதலில் 999, பிறகு மற்றவர்களுக்குச் சொல்லலாம்.

உடனே 999-ஐ அழைக்க வேண்டியவை

"இப்போது உதவி வராவிட்டால் உயிரோ கை காலோ போய்விடுமா?" இந்த ஒரு கேள்வியைக் கேட்டுக்கொள்ளுங்கள். "ஆமாம்" என்றாலும் 999, "தெரியவில்லையே" என்றாலும் 999.

1. நெஞ்சை அழுத்துவது போன்ற வலி, மூச்சுத் திணறல், குளிர்ந்த வியர்வை. இப்படிப்பட்டவரை மோட்டார் சைக்கிள் ஓட்டிக்கொண்டு கிளினிக்குப் போக விடாதீர்கள்.

2. வாய் கோணுதல், ஒரு கை தூக்க முடியாமை, பேச்சுக் குழறல். இது பக்கவாதம். இரத்தக் கட்டியைக் கரைக்கும் ஊசியைப் பொதுவாக நாலரை மணி நேரத்துக்குள் போட்டாக வேண்டும். எண்ணெய் தேய்த்துக்கொண்டு காத்திருந்தால் அந்த வாய்ப்பு போய்விடும்.

3. செம்பனைக் குலையோ மட்டையோ தலையில் விழுந்து மயக்கம். அரிவாள் வெட்டி நிற்காத இரத்தம்.

4. குலை வெட்டும் அலுமினியக் கம்பு மின்கம்பியில் பட்டு மின்சாரம் தாக்குதல். அடிபட்டவரைத் தொடாதீர்கள், கிட்டேயும் போகாதீர்கள். மின்சாரம் நிறுத்தப்பட வேண்டும் என்று 999-இல் சொல்லுங்கள்.

5. பாம்புக் கடி. கடிபட்ட கை காலை அசைக்காமல் வையுங்கள். கயிற்றால் இறுக்காதீர்கள், கீறாதீர்கள், வாயால் உறிஞ்சாதீர்கள். நாகம் கண்ணில் விஷத்தைத் துப்பியிருந்தால் நல்ல தண்ணீரை ஊற்றி ஊற்றிக் கழுவிக்கொண்டே இருங்கள்.

6. பூச்சி மருந்தோ களைக்கொல்லியோ குடித்துவிட்டால். பாராகுவாட் 2020 ஜனவரி 1 முதல் நம் நாட்டில் தடை செய்யப்பட்டுவிட்டது. ஆனாலும் பழைய புட்டி எங்காவது கிடக்கலாம். அதைக் குடித்தவர் முதல் நாள் நன்றாகவே இருப்பதுபோல் தெரிவார். உள்ளுக்குள் நுரையீரலும் சிறுநீரகமும் கெட்டுக்கொண்டிருக்கும். "ஆள் நல்லாத்தானே இருக்கான்" என்று விட்டுவிடாதீர்கள். புளித்தண்ணீர், சோப்புத் தண்ணீர் கொடுத்து வாந்தி எடுக்க வைக்காதீர்கள். புட்டியையும் கையோடு கொண்டுபோங்கள்.

7. வலிப்பு, நினைவு தப்புதல், கர்ப்பிணிக்கு அதிக இரத்தப்போக்கு, வீட்டில் தீ, அடிதடி.

999 தேவைப்படாதவை

சாதாரண காய்ச்சல், இருமல், வயிற்றுப்போக்கு, சிறு காயம், புண்ணுக்கு மருந்து மாற்றுதல், இனிப்புநீர், இரத்தக் கொதிப்பு மாத்திரை தீர்ந்துபோதல், இவற்றுக்குத் தோட்ட டிரெஸர் அல்லது கிளினிக் கெசிஹாத்தான். குடிமக்களுக்கு அங்கே ஒரு ரிங்கிட்தான்.

"ஆம்புலன்ஸில் போனால் சீக்கிரம் பார்ப்பாங்க" என்று சிலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. சிரம்பான் துவாங்கு ஜாஃபார் மருத்துவமனையானாலும் கோலப்பிலா மருத்துவமனையானாலும், அவசரப் பிரிவில் நோயின் கடுமையைப் பார்த்துத்தான் சிவப்பு, மஞ்சள், பச்சை என்று பிரிக்கிறார்கள். பச்சைக்காரர் எந்த வண்டியில் வந்தாலும் காத்திருக்கத்தான் வேண்டும்.

இரண்டுக்கும் நடுவில் சில உண்டு. டெங்கிக் காய்ச்சலில் கடும் வயிற்று வலி, ஓயாத வாந்தி, ஈறில் இரத்தம், சோர்ந்து படுத்துவிடுதல் ஆகியவை கண்டால் இரவானாலும் மருத்துவமனைக்குக் கொண்டுபோங்கள். மூன்று மாதத்துக்கு உட்பட்ட குழந்தைக்குக் காய்ச்சல் என்றாலும் அப்படியே.

மற்ற குறைகளுக்கு மற்ற எண்கள்

மின்சாரத் தடைக்கு தெனாகா 15454. மருந்து, நஞ்சு பற்றி ஆலோசனை கேட்க பினாங்கில் உள்ள தேசிய நச்சு மையம் 1-800-88-8099. குடும்ப வன்முறை, குழந்தைக் கொடுமை பற்றிச் சொல்ல தாலியான் காசே 15999, இரவும் பகலும். ஆனால் அடி விழுந்துகொண்டிருக்கும் நேரத்தில் 999தான். மனம் உடைந்து பேச ஆளில்லாமல் தவிப்பவர்களுக்கு 2022-இல் தொடங்கிய ஹீல் 15555. உயிரை மாய்த்துக்கொள்ள முனைந்துவிட்டால் அதுவும் 999தான். கொசுப் பெருக்கத்துக்கு மாவட்டச் சுகாதார அலுவலகம்.

என்ன சொல்வது?

தோட்டத்தில் நேரம் வீணாவது பெரும்பாலும் வழி தேடுவதில்தான். நம் லயத்துக்குத் தெருப் பெயரும் கிடையாது, கதவு எண்ணைப் பார்த்தால் வெளியாளுக்குப் புரியவும் புரியாது. ஆகவே இந்த வரிசையில் சொல்லுங்கள்: ஆம்புலன்ஸா, போலீஸா, பொம்பாவா, தோட்டத்தின் பெயர், டிவிஷன், மாவட்டம், எந்தப் பெரிய சாலையிலிருந்து, எந்தப் பள்ளிக்கூடம் அல்லது கோயில் பக்கத்தில் திரும்புவது, என்ன நடந்தது, உங்கள் தொலைபேசி எண்.

மலாய் சரளமாக வராதவர்கள் இதை மனப்பாடம் செய்யுங்கள்: "தோலோங், சாயா பெர்லு அம்புலான்ஸ். சாயா டி லாடாங்..." என்று தோட்டத்தின் பெயரைச் சேர்த்துக்கொள்ளுங்கள்.

அவர்கள் வைக்கும்வரை நீங்கள் போனை வைக்காதீர்கள். வண்டி வரும்வரை என்ன செய்வது என்று அவர்களே சொல்வார்கள். வண்டி வர நேரமாகும் என்றால், தோட்டத்து வண்டியில் கொண்டு வரலாமா என்று அவர்களிடமே கேளுங்கள். ஓர் இளைஞரை டார்ச் விளக்கோடு தோட்ட வாசலுக்கு அனுப்புங்கள். பூட்டிய கேட் இருந்தால் காவலாளியை எழுப்பித் திறக்கச் சொல்லுங்கள்.

பிள்ளைகள் விளையாட்டாக 999-ஐ அழைத்தால் அது குற்றம். 1998-ஆம் ஆண்டுத் தொடர்பு, பல்லூடகச் சட்டத்தில் தண்டனை உண்டு. வீட்டில் சொல்லி வையுங்கள்.

வேலை நேரத்து விபத்தென்றால் இன்னொன்றும் உண்டு. 48 மணி நேரத்துக்குள் முதலாளி சொக்சோவுக்கு அறிவிக்க வேண்டும். அறிவித்தாரா என்று கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். ஆஸ்பத்திரிச் சீட்டைத் தொலைக்காதீர்கள்.

இந்த வாரம் செய்ய வேண்டியது இவ்வளவுதான். ஓர் அட்டையில் மேலே 999. அதன் கீழ் உங்கள் தோட்டத்துக்கு வரும் வழி. அதன் கீழ் கிளினிக், டிரெஸர், தோட்ட வண்டி ஓட்டுநர் ஆகியோரின் எண்கள். எழுதிச் சுவரில் ஒட்டுங்கள். கைப்பேசிக்கு லைன் கிடைக்காத பள்ளத்து லயமானால், எந்த மேட்டில் நின்றால் கிடைக்கும் என்பதையும் எழுதுங்கள். தோட்டக் கமிட்டித் தோழர்கள் பிரட்டுக் களத்திலும் கோயில் வாசலிலும் ஓர் அட்டை மாட்டலாம். படிக்கத் தெரியாத பாட்டிக்கும் பக்கத்து லயத்து வெளிநாட்டுத் தொழிலாளிக்கும் வாயால் சொல்லிக் கொடுங்கள். நாளை நமக்காக அந்த எண்ணை அழுத்துவது அவர்களாகவும் இருக்கலாம்.