கடல் நடுத் தீவுகளும் கொல்லாமை அறமும்

உயிர்களிடத்து அருள் என்றவுடன் நம் நினைவிற்கு வருவன, நம் கண்முன் உலவும் உயிர்களே. வாசலில் வந்து நிற்கும் பசு, முற்றத்தில் தானியம் பொறுக்கும் சிட்டு, அரிசிமாக் கோலத்தை மொய்க்கும் எறும்பு ஆகியவற்றைக் கண்டு இரங்குதல் எளிது. மாந்தர் குடியேறாத தொலைதூரத் தீவுகளிலும் நம் இனத்தாரின் செயலால் உயிர்கள் அல்லலுற்று வந்துள்ளன. அத்தீவுப் பறவைகளைக் காப்பதற்காக வேறு உயிர்களைக் கொல்லும் நிலையும் அங்கு எழுந்தது. கொல்லாமையைத் தலையாய அறமாகக் கொண்ட நாம் இதனை எங்ஙனம் நோக்குவது? பள்ளியில் சூழலியல் பயிலும் பிள்ளைகள் இவ்வினாவை இல்லத்தில் எழுப்பக்கூடும். ஆதலின் செய்திகளை முதலில் முறையாக அறிந்துகொண்டு, பின்னர் அறநோக்கில் ஆராய்வோம்.

1. தீவின் இயல்பு

தென் அட்லாண்டிக் பெருங்கடலில் தெற்கு ஜார்ஜியா என்னும் தீவு உள்ளது. இது பிரிட்டனின் ஆட்சியில் உள்ள கடல்கடந்த பகுதியாகும். நீளம் ஏறத்தாழ 170 கிலோமீட்டர். நிலப்பரப்பில் பாதிக்கு மேல் பனியாறுகளால் மூடப்பட்டது. அருகில் மக்கள் வாழும் இடம் எனின், ஏறக்குறைய 1,400 கிலோமீட்டருக்கு அப்பாலுள்ள ஃபாக்லாந்துத் தீவுகளே. தெற்கு ஜார்ஜியாவில் நிலையான குடிகள் இல்லை. அரசு அலுவலர் சிலரும் ஆராய்ச்சியாளர் சிலருமே முறைவைத்துத் தங்குவர்.

இத்தீவில் மரங்கள் இல்லை. கரையோரங்களில் தூர்தூராக உயர்ந்து வளரும் ஒருவகைப் புல் மண்டிக் கிடக்கிறது. நரி, பூனை, எலி போன்ற நிலவாழ் பாலூட்டி எதுவும் இயற்கையாக இங்குத் தோன்றியதில்லை. ஆதலின் பறவைகள் அச்சமின்றித் தரையிலேயே கூடமைத்தன. பெட்ரல் என்னும் கடற்பறவைகள் மண்ணில் வளை தோண்டி முட்டையிட்டன. நெட்டைக்காலி இனத்தைச் சார்ந்த சிறு பறவை ஒன்று புல்தூர்களின் இடையே கூடுகட்டிற்று. இவ்வகை நெட்டைக்காலி உலகில் வேறெங்கும் இல்லை. பாடும் பறவைகளுள் தென்கோடியில் வாழ்வதும் இதுவே.

அலையும் ஆல்பட்ராஸ் என்னும் பெரும்பறவையும் இங்கு இனம்பெருக்குகிறது. அதன் விரித்த சிறகின் நீளம் 3 மீட்டருக்கு மேற்படும். ஐம்பது ஆண்டுக்கு மேலும் உயிர்வாழவல்லது. ஆயின் ஈராண்டுக்கு ஒருமுறை ஒரே முட்டைதான் இடும். குஞ்சு பறக்கத் தொடங்க ஒன்பது மாதங்களுக்கு மேலாகும். இவ்வாறு மெல்லப் பெருகும் இனத்தில் ஒரு குஞ்சு மாய்ந்தாலும் அவ்விழப்பை ஈடுசெய்யப் பன்னாள் ஆகும் என்பதை மனத்திற் கொள்க.

2. கப்பல்கள் கொண்டுவந்த கேடு

1775ஆம் ஆண்டு ஜனவரியில் ஜேம்ஸ் குக் என்னும் மாலுமி இத்தீவில் இறங்கினார். கடற்கரையில் கடல்நாய்கள் நிறைந்திருத்தலை அவர் எழுதிய குறிப்பு, வேட்டையாடுவோரை ஈர்த்தது. அடுத்த சில பத்தாண்டுகளுக்குள் உரோமத் தோலுக்காகக் கடல்நாய்கள் ஏறக்குறைய முற்றும் அழிக்கப்பட்டன. 1904இல் கிரிட்விக்கன் என்னுமிடத்தில் திமிங்கில எண்ணெய் வடிக்கும் நிலையம் எழுந்தது. 1960களின் நடுப்பகுதி வரை இத்தீவின் நிலையங்களில் அறுக்கப்பட்ட திமிங்கிலங்கள் 1,75,000 ஆகும்.

எண்ணெய்க்கும் தோலுக்கும் நிகழ்ந்த இக்கொலைகளை அவற்றைச் செய்தோர் அறிந்தே செய்தனர். அவர்கள் அறியாது விளைத்த கேடு வேறொன்று. கப்பலின் அடித்தளத்தில் தானிய மூட்டைகளிடையே ஒளிந்திருந்த எலிகள் கரையேறின. நெற்குதிரையும் களஞ்சியத்தையும் அறிந்த நம் வாசகர்களுக்கு எலியின் இயல்பை விரித்துரைக்க வேண்டா. தரையிலும் வளையிலும் கிடந்த முட்டைகளும் குஞ்சுகளும் எலிகட்கு உணவாயின. நெட்டைக்காலி பெருந்தீவின் மிகப் பல கரைகளில் மறைந்து, எலி எட்டாத சிறு குன்றுத் தீவுகளிலும் ஒருசில ஒதுக்கிடங்களிலும் மட்டுமே எஞ்சியது.

1911இல் நார்வே நாட்டுத் திமிங்கில வேட்டைக்காரர், இறைச்சிக்காகப் பனிமான்களைக் கொணர்ந்து விட்டனர். அவை ஆயிரக்கணக்கில் பெருகி, பறவைகளுக்குப் புகலிடமான புல்லை மேய்ந்தும் மிதித்தும் அழித்தன.

3. எலி ஒழிப்பு: 2011 முதல் 2018 வரை

பனியாறுகள் எலிகளைத் தனித்தனிப் பகுதிகளில் அடைத்து வைத்திருந்தன. புவி வெப்பமடைதலால் அப்பனியாறுகள் பின்வாங்கத் தொடங்கின. தடைகள் நீங்கினால் ஒரு பகுதியில் எலிகளை ஒழித்தாலும் அடுத்த பகுதியிலிருந்து மீண்டும் புகும். எனவே காலம் தாழ்த்தலாகாது எனக் கருதிய தெற்கு ஜார்ஜியா பாரம்பரிய அறக்கட்டளை, பேராசிரியர் டோனி மார்ட்டின் தலைமையில் பணியைத் தொடங்கிற்று. 2011, 2013, 2015 ஆகிய மூன்று ஆண்டுகளில், பறவைகளிற் பல தீவை நீங்கியிருக்கும் பருவம் பார்த்து, ஹெலிகாப்டர்களிலிருந்து நஞ்சு கலந்த தீனி தூவப்பட்டது. எலிகள் வாழ்ந்த ஆயிரம் சதுர கிலோமீட்டர் அளவிலான நிலப்பரப்பு முழுவதும் ஓரிடமும் விடாது தூவவேண்டியிருந்தது. ஏனெனில், கருவுற்ற ஒரு பெண்ணெலி எஞ்சினாலும் முயற்சி வீணாகும். பின்னர் மோப்ப நாய்களைக் கொண்டு தேடி, எலி எதுவும் இல்லை என்று 2018ஆம் ஆண்டு மே மாதத்தில் அறிவித்தனர். பனிமான்கள் 2013 முதலாகக் கொன்று அகற்றப்பட்டன. அவற்றின் எண்ணிக்கை ஆறாயிரத்திற்கும் மேல்.

நெட்டைக்காலிகள் தாம் இழந்த கரைகளுக்குத் திரும்பின. புல்வெளிகளில் அவற்றின் பாடல் மீண்டும் கேட்கிறது. கணக்கின் மறுபக்கத்தையும் கூறுதல் நேர்மையாகும். அந்நஞ்சு குருதி உறையாதவாறு செய்வது. அதனை உண்ட உயிர் உடனே இறவாது, சில நாள்கள் துன்புற்று மடியும். தீனியையோ இறந்த எலிகளையோ உண்ட ஸ்குவாப் பறவைகளும் ஊசிவால் வாத்துகளும் உயிரிழந்தன. அவ்வினங்கள் பின்னர்த் தேறின என்பர். ஆயின் இறந்த பறவை மீளவில்லை.

4. அறநோக்கில் ஆராய்ச்சி

புலன்களின் எண்ணிக்கையைக் கொண்டு உயிர்களை வகுத்துணர்வது நம் மரபு. அவ்வகையில் நெட்டைக்காலியும் எலியும் ஐம்புலன் உயிர்களே. ஒன்று அரியது, மற்றொன்று எங்கும் மலிந்தது என்பது உயிரியலார் காணும் வேற்றுமை. இறக்கும்பொழுது உறும் நோவில் இரண்டிற்கும் வேற்றுமை இல்லை.

இல்லறத்தார் செய்யும் இம்சையை நம் ஆசிரியர்கள் நான்காகப் பகுத்தனர். கொல்லும் கருத்துடன் செய்வது சங்கல்பி. சமைத்தல், பெருக்குதல் முதலிய இல்லப்பணியில் நேர்வது ஆரம்பி. உழவு முதலிய தொழிலில் நேர்வது உத்யோகி. தாக்கவரும் பகையைத் தடுக்கையில் நேர்வது விரோதி. இவற்றுள் சங்கல்பியைச் சிராவகர் அறவே விலக்க வேண்டும். தெற்கு ஜார்ஜியாவில் நிகழ்ந்தது எவ்வகை?

பறவைகளைக் காத்தலின் இதனை விரோதி எனலாம் என்று சிலர் வாதிடக்கூடும். எலி பகைகொண்டு வந்ததன்று, பசித்து உண்டது. தானே கடல் கடந்து புகுந்ததுமன்று. மனிதர் அதனைச் சுமந்து வந்தனர். பல ஆண்டுகள் திட்டமிட்டு, ஓருயிரும் தப்பாவண்ணம் செய்த கொலையைச் சங்கல்பி அன்று என மொழிய என் நெஞ்சம் ஒருப்படவில்லை. நற்பயன் விளைந்தமையால் இம்சை அகிம்சையாகிவிடாது.

அவ்வாறாயின், ஒன்றும் செய்யாதிருத்தலே அகிம்சையோ எனப் பிள்ளைகள் வினவுவர். இவ்வினாவைத் தட்டிக்கழித்தல் ஆகாது. கோ என்னும் தீவின் நிலையை எண்ணிப் பாருங்கள். இதுவும் தென் அட்லாண்டிக்கில், டிரிஸ்டன் டா குன்யா தீவுகளின் ஆட்சிக்கு உட்பட்டது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் வேட்டைக் கப்பல்களில் வந்த சுண்டெலிகள் இங்கு மற்ற இடங்களினும் ஒன்றரை மடங்கு பருத்து வளர்ந்தன. இரவில் ஆல்பட்ராஸ் குஞ்சுகளை அவை உயிரோடு கடித்துத் தின்கின்றன. தன்னைவிடப் பன்மடங்கு சிறிய உயிர் கடிக்கும்பொழுது எதிர்க்கவேண்டும் என்று அக்குஞ்சு அறியாது; பகையறியாத் தீவில் தோன்றிய இனமாதலின், கூட்டிலேயே அமர்ந்து மடிகிறது. 2021இல் அங்கும் நஞ்சு தூவினர். அவ்வாண்டு டிசம்பரிலேயே ஒரு சுண்டெலி கண்ணிற்பட்டது. இனம் மீண்டும் பெருகிற்று. கொலையும் நிகழ்ந்தது, கருதிய பயனும் நிலைக்கவில்லை.

கொன்றால் பாவம், வாளாவிருப்பின் குஞ்சுகளின் ஓலம். இந்நிலையில் இரு வழிகளும் தூயன அல்ல. எலிகளைக் கொன்றோரைப் பழிக்கும் தகுதியும், அவர்களுடன் சேர்ந்து மகிழும் உரிமையும் நமக்கு இல்லை என்றே கருதுகிறேன். தூய வழி இருந்த காலம் ஒன்று உண்டு. அது கப்பல் கரையை அடையுமுன் இருந்த காலம்.

5. பிரமாதமும் விழிப்பும்

இம்சைக்கு வேராகப் பிரமாதத்தை, அதாவது அசட்டையை, உமாஸ்வாமி ஆசாரியர் தத்துவார்த்த சூத்திரத்தில் சுட்டுகின்றார். அக்காலக் கப்பலோட்டிகள் பறவைகளை அழிக்கும் எண்ணம் கொண்டிலர். மூட்டைகளை ஆராயாது இறக்கினர், அவ்வளவே. அவ்வசட்டையின் கடனை இருநூறு ஆண்டு கழித்து எலிகளும் பறவைகளும் தம் உயிரால் செலுத்தின.

இதற்கு மறுதலையான காட்சியையும் அப்பகுதியிலேயே காணலாம். டிரிஸ்டன் டா குன்யாவின் பெருந்தீவில் 1882ஆம் ஆண்டு கரைதட்டி உடைந்த ஒரு கப்பலிலிருந்து எலிகள் புகுந்தன. அண்டையிலுள்ள இன்அக்சஸிபிள் தீவிற்கு எலி சென்றதில்லை. உலகிலேயே மிகச் சிறிய பறக்கவியலாப் பறவை, ஒரு கோழிக்குஞ்சின் அளவே உள்ள நீர்க்கோழி இனம், அத்தீவில் மட்டும் இன்றளவும் ஓடித்திரிகிறது. அங்கு எவரும் நஞ்சு தூவவேண்டிய தேவை எழவில்லை.

இன்று தெற்கு ஜார்ஜியாவுக்குச் செல்லும் கப்பல்களை மோப்ப நாய்களைக் கொண்டு சோதிக்கின்றனர். பயணிகள் காலணிகளைத் தூரிகையால் தேய்த்துக் கழுவிய பின்னரே கரையில் இறங்கலாம். சட்டைப் பைகளிலும் துணி மடிப்புகளிலும் ஒட்டிய விதைகளையும் நீக்க வேண்டும். இறக்கிய சரக்குகளைத் தனி அறையில் வைத்துப் பிரித்து ஆராய்கின்றனர்.

இவற்றைப் படிக்கும் நம் இல்லத்தார்க்கு வேறொன்று நினைவிற்கு வரும். முனிவர் அமருமுன் மயிற்பீலியால் இடத்தை மெல்லத் துடைப்பார். நடக்குங்கால் நிலம் நோக்கி நடப்பது ஈர்யா சமிதி. பொருளை எடுத்தலிலும் வைத்தலிலும் கருத்தூன்றுவது ஆதான நிக்ஷேபண சமிதி. நம் அடுக்களையில் நீரை வடிகட்டுதலும் அவ்வழிப்பட்டதே. தொலைதூரத் தீவின் காவலர் நம் நூல்களைக் கற்றவர் அல்லர். பட்டறிவால் அவர்கள் அடைந்த முடிவும் இவ்விழிப்பே.

கடலிலும் இவ்வாறே. 1990களில் தெற்கு ஜார்ஜியாவை அடுத்த கடலில் நீண்ட கயிறுகளில் இரைகோத்த கொக்கிகளை விட்டு மீன்பிடித்தனர். மிதக்கும் இரையை விழுங்கிய ஆல்பட்ராஸ் பறவைகள் கொக்கியில் மாட்டி, நீரில் அமிழ்ந்து ஆயிரக்கணக்கில் மாண்டன. கயிற்றில் எடை கட்டி விரைவில் மூழ்கச் செய்தல், இரவில் மட்டும் கயிறு விடுதல், பறவைகள் அணுகாவண்ணம் நாடாக்களைப் பறக்கவிடுதல், இனப்பெருக்கக் காலத்தில் மீன்பிடிப்பை நிறுத்துதல் ஆகிய விதிகளால் அங்கு அச்சாவு ஏறக்குறைய நின்றது. மீன்பிடித்தலே நமக்கு ஏற்புடையதன்று. எனினும், சிறிது கருத்தூன்றியதனால் எத்துணை உயிர்கள் பிழைத்தன என்பதை அறிதல் நன்று. எல்லாக் கடல்களிலும் இவ்விதிகள் பின்பற்றப்படாமையால், உலகெங்கும் பறந்து திரியும் ஆல்பட்ராஸ் இன்னும் குறைந்தே வருகிறது. 2023 அக்டோபரில் பறவைக் காய்ச்சல் தெற்கு ஜார்ஜியாவை அடைந்தமையும் புதிய கவலையாகும்.

6. பாடத்தின் பயன்

நேர்ந்தபின் செய்யும் திருத்தம், எத்துணை நன்னோக்கம் உடையதாயினும், பல வேளைகளில் புதிய இம்சையைக் கொண்டே நிகழ்கிறது. முன்னரே காத்தலில் அக்குறை இல்லை. தானியத்தை மூடி வைக்கும் இல்லத்தில் எலிப்பொறிக்கு வேலை இல்லை. பயணம் செல்வோர் விதையையும் செடியையும் வளர்ப்புயிர்களையும் ஓரிடத்தினின்று மற்றோரிடத்திற்குக் கொண்டுபோய் விடாதிருத்தலும் இவ்வறத்தின்பாற்படும்.

சிந்தனைக்குரிய வினாக்கள்

1. தெற்கு ஜார்ஜியாப் பறவைகள் தரையில் கூடமைத்தமைக்குக் காரணம் யாது?

2. பனியாறுகள் பின்வாங்கியது எலி ஒழிப்பை ஏன் விரைவுபடுத்திற்று?

3. நால்வகை இம்சைகளுள் எலி ஒழிப்பு எதனைச் சாரும்? இக்கட்டுரையின் கருத்தினின்று நீவிர் வேறுபடின், காரணம் காட்டி எழுதுக.

4. உங்கள் இல்லத்தில் கொல்லவேண்டிய நிலை வருமுன் காக்கத்தக்க செயல்கள் மூன்றினைக் குடும்பத்தாருடன் கலந்து பட்டியலிடுக.