பின்தொடர்வோர் பெருகுவது எப்படி?

திருச்சி மன்னார்புரத்தில் வசிக்கும் பள்ளி மாணவி ஒருத்தி, வானவில் தோன்றும் விதத்தைத் தானே பேசிப் படமெடுத்து யூடியூபில் வெளியிட்டாள். ஒரு மாதத்தில் 40 பேரே பார்த்தனர். "எனக்குப் பேச வராது சார்" என்று என்னிடம் வருந்தினாள். அவள் முடிவு சரியா? ஆராய்வோம்.

திருச்சிக்கு அடுத்த புதுக்கோட்டை மாவட்டத்தில் சின்ன வீரமங்கலம் என்னும் சிற்றூர் இருக்கிறது. அங்கே ஒரு தாத்தாவும் பேரன்களும் திறந்தவெளியில் சமைப்பதைக் காட்டும் 'வில்லேஜ் குக்கிங் சேனல்' 2018-இல் தொடங்கியது. 2021-இல் அதன் சந்தாதாரர்கள் ஒரு கோடியை எட்டினர். தமிழ்ச் சேனல்களில் இந்த எண்ணிக்கையை முதலில் தொட்டது அதுவே.

மூன்றே ஆண்டுகளில் ஒரு கோடியா என வியக்கிறீர்களா? இங்கு நடப்பது ஒருவகைத் தொடர்வினை. யுரேனியம்-235 அணுக்கரு பிளவுறும்போது வெளிவரும் நியூட்ரான்கள் வேறு அணுக்கருக்களைப் பிளக்கின்றன. ஒரு தலைமுறை நியூட்ரான்கள் அடுத்த தலைமுறையில் எத்தனை மடங்காகின்றன என்பதே பெருக்க எண். அதுபோலவே, படத்தைப் பார்த்த ஒருவர் சராசரியாக எத்தனை புதியவர்களைப் பார்க்கவைக்கிறார் என்பதையும் ஒரு பெருக்க எண்ணாகக் கொள்ளலாம்.

முதலில் 100 பேர் பார்ப்பதாகக் கொள்வோம். பெருக்க எண் 1.1 ஆனால், 50-ஆம் சுற்றில் மட்டும் புதிதாகப் பார்ப்பவர் ஏறத்தாழ 11,700 பேர். அதுவே 0.9 ஆனால், அச்சுற்றில் ஒருவர்கூட மிஞ்சமாட்டார். வேறுபாடு வெறும் 0.2 தான்! விளைவிலோ மலைக்கும் மடுவுக்கும் உள்ள தூரம்.

அந்தச் சிறு வேறுபாடு திறமையால் மட்டும் வருவதா? 2006-இல் அமெரிக்காவின் கொலம்பியா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் ஒரு சோதனையை வெளியிட்டனர். 14,000-க்கு மேற்பட்டோர் 48 பாடல்களைக் கேட்டனர். அவர்களில் பலர் எட்டுக் குழுக்களாகப் பிரிக்கப்பட்டனர். ஒவ்வொரு பாடலையும் தம் குழுவில் எத்தனை பேர் பதிவிறக்கினர் என்பது மட்டும் அவர்களுக்குத் தெரியும். ஒரு குழுவில் முதலிடம் பெற்ற பாடல், வேறொரு குழுவில் 40-ஆம் இடத்தில் நின்றது! தொடக்கத்தில் தற்செயலாகக் கிடைத்த சில கேட்போரே மேலும் பலரை இழுத்துவந்தனர். ஆயினும், மிக நல்ல பாடல்கள் படுதோல்வி அடைவது அரிதாகவே இருந்தது.

ஆகவே மாணவர்களே, தெளிவான குரல், ஒரு படத்துக்கு ஒரே கருத்து, பிழையற்ற செய்தி, விடாத பயிற்சி ஆகியவை நம் கையில் உள்ளவை. இவை பெருக்க எண்ணைச் சற்றே உயர்த்தும். எஞ்சியது வாய்ப்பின் பாற்பட்டது. வெப்பநிலைமானியைக் கொண்டு எடையை அளக்க முடியுமா? பார்வையாளர் எண்ணிக்கையைக் கொண்டு உங்கள் மதிப்பை அளப்பதும் அத்தகையதே.

இறுதியாக ஒரு கேள்வி. பெருக்க எண் சரியாக 1 ஆனால் என்னவாகும்? கூட்டம் பெருகாது, குறையவும் செய்யாது. கல்பாக்கத்தில் அணு உலை சீராக இயங்கி மின்சாரம் தருவது, பெருக்க எண்ணை அந்த 1-இல் நிறுத்தித்தான்!