வீட்டுக்கு ஒரு விலை, கடனுக்கு ஒரு விலை

பொங்கலுக்கும் படைப்புக்கும் நாச்சியாபுரம் வருகிற பிள்ளைகளில் ஒருவராவது பிளாஸ்டிக் ஃபைலும் கையுமாக எங்கள் முகப்புத் திண்ணைக்கு வராமல் போவதில்லை. “ஐயா, சென்னையில ஒரு ஃபிளாட் பார்த்திருக்கோம். லோன் பேப்பர் இது. ஒரு பார்வை பார்த்துக் கொடுங்க” என்பார்கள். முப்பது வருடம் வங்கியில் கடன் மேசையில் உட்கார்ந்தவன் என்பதால் இந்த மரியாதை. அவர்கள் நிற்கிற வீடு நாலு கட்டு வீடுதான். ஆனால் அதில் பங்கு உள்ள புள்ளிகள், அதாவது தனிக் குடும்பங்கள், பதினொன்று. எல்லாரும் கையெழுத்திட்டால் ஒழிய எந்த வங்கியும் அதை ஈடாக வாங்காது. ஆகவே ஊரில் அரண்மனை, பட்டணத்தில் மாதத் தவணை.

ஒரு காலத்தில் இந்தப் பக்கத்துப் பையன்கள் ரங்கூனுக்கும் பினாங்குக்கும் கப்பலேறினார்கள். வட்டிக் கடைகள் இருந்த கிட்டங்கியில் பெட்டியடிப் பையனாக உட்கார்ந்து, அடுத்தாளாகி, மேலாள் ஆவதற்குள் வட்டிக் கணக்கு அவர்களுக்கு வாய்ப்பாடு மாதிரி ஓடும். கடன் கொடுத்தவர்களின் பேரப்பிள்ளைகள் இன்று கடன் வாங்குகிறார்கள். அந்தக் கணக்கு மட்டும் கைமாறி வரவில்லை. வந்தவர்களுக்கெல்லாம் ஒரே பாடத்தைச் சொல்லிச் சொல்லி வாய் வலித்ததால் எழுதியே வைக்கிறேன்.

கணக்கு புரிய ஒரே உதாரணத்தை வைத்துக்கொள்வோம்: 30 லட்சம் கடன், 8.5 சதவீத வட்டி, 20 வருடம். மாதத் தவணை 26,035 ரூபாய். உங்கள் வட்டி முன்பின் இருக்கலாம், பாடம் மாறாது.

1. இரண்டு விலையையும் ஒரே தாளில் எழுதுங்கள்

வீடு பார்க்கும்போது சதுர அடிக்கு ஐம்பது ரூபாய் குறைக்க ஒரு மாதம் பேரம் பேசுகிறோம். கடனுக்கு விலை கேட்பதே இல்லை. “மாசம் எவ்வளவு வரும்?” என்பதோடு சரி. 26,035-ஐ 240 மாதத்தால் பெருக்குங்கள்: 62 லட்சத்து 48 ஆயிரம். வாங்கியது 30; வட்டி மட்டும் 32 லட்சத்து 48 ஆயிரம்.

1938-ல் ராஜாஜி அமைச்சரவை சென்னை மாகாணத்தில் விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் கொண்டுவந்தது. பழைய கடனுக்கு அசலும் வட்டியுமாகச் சேர்த்து அசலைப்போல் இருமடங்கு கட்டியிருந்தால் கடன் தீர்ந்தது என்றது அந்தச் சட்டம். அன்று சட்டம் போட்டு நிறுத்திய அந்த எல்லையை இன்று நாமே சிரித்த முகத்தோடு கையெழுத்துப் போட்டுத் தாண்டுகிறோம்.

இதில் வங்கியைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. பிறத்தியார் பணத்தை இருபது வருடம் வைத்திருந்தால் அதற்கு வாடகை உண்டு. அந்த வாடகையை நாள் கணக்கில் கொடுக்கிறோம் என்பதை மட்டும் மறக்காதீர்கள். இனி வருவதெல்லாம் அந்த நாளைக் குறைக்கும் வழிதான்.

2. முதல் தவணையைப் பிளந்து பாருங்கள்

முதல் மாதம் கட்டுகிற 26,035-ல் வட்டிக்குப் போவது 21,250. அசலில் கழிவது 4,785 மட்டும். ஐந்து வருடம் தவறாமல் கட்டினால் கொடுத்த தொகை 15 லட்சத்து 62 ஆயிரம். பாக்கி இன்னும் 26 லட்சத்து 44 ஆயிரம். வங்கி உங்களை ஏமாற்றவில்லை. பாக்கி நிற்கிற அசலுக்குத்தான் வட்டி. தொடக்கத்தில் அசல் முழுசாக நிற்பதால் வட்டியும் முழுசாக இருக்கிறது.

தவணையில் வட்டியை அசல் முந்துவது 143-வது மாதத்தில், கிட்டத்தட்டப் பன்னிரண்டாம் வருடக் கடைசியில். பாதிக் கடன் அடைவதற்குள் பதின்மூன்றே முக்கால் வருடம் ஓடிவிடும். “பத்து வருஷம் கட்டியாச்சு, பாதி முடிஞ்சிருக்கும்” என்று நினைத்து வீட்டை விற்கப் போகிறவர்கள் பாக்கிச் சீட்டைப் பார்த்துத் திடுக்கிடுவது இதனால்தான். பத்தாம் வருட முடிவில் 21 லட்சம் நிற்கும். கையெழுத்துக்கு முன்பே தவணை அட்டவணையைக் கேட்டு வாங்குங்கள். 240 வரியையும் படிக்க வேண்டாம்; 1, 60, 120 என்ற மூன்று வரி போதும்.

3. தவணை குறைகிறது என்று வருடத்தைக் கூட்டாதீர்கள்

இதே 30 லட்சத்துக்கு 30 வருடம் போட்டால் தவணை 23,067. மாதம் சுமார் மூவாயிரம் மிச்சம் என்று தோன்றும். மொத்தம் கட்டுவது 83 லட்சம். இருபது வருடக் கடனைவிட இருபது லட்சத்துக்கு மேல் அதிகம். 15 வருடம் போட்டால் தவணை 29,542. மாதம் 3,507 கூட. மொத்தத்தில் மிச்சம் 9 லட்சத்து 30 ஆயிரம்.

மூவாயிரம் ரூபாய் என்பது இந்தக் காலத்தில் ஒரு குடும்பம் இரண்டு முறை ஓட்டலுக்குப் போய்வருகிற காசு. அதை எந்தப் பக்கம் வைக்கிறீர்கள் என்பதைப் பொறுத்து ஒன்பது லட்சம் உங்களுடையதாகிறது, அல்லது இருபது லட்சம் உங்களைவிட்டுப் போகிறது. அதற்காகத் தாங்க முடியாத தவணையை ஏற்றிக்கொள்ளச் சொல்லவில்லை. சம்பளம் குறைவாக இருக்கும் வயதில் இருபது வருடம் போடுங்கள். சம்பளம் ஏறும்போது தவணையையும் ஏற்றுங்கள்.

4. வட்டியின் பாஷை தெரிந்து பேசுங்கள்

ஊரில் “ஒரு வட்டி” என்றால் நூற்றுக்கு மாதம் ஒரு ரூபாய், வருடத்துக்குப் பன்னிரண்டு. வங்கியில் எட்டரை என்றால் அது வருடக் கணக்கு. நம் பேச்சில் முக்கால் வட்டிக்குச் சற்றுக் கீழே. இந்த இரண்டு பாஷையையும் குழப்பிக்கொண்டு “ரெண்டு வட்டிதானே, வங்கி எட்டரை கேக்குதே” என்று வெளியில் வாங்கியவரை நான் பார்த்திருக்கிறேன். அது இருபத்து நாலு சதவீதம்!

இன்னொரு பொறி ஃபிளாட் ரேட். பாக்கி எவ்வளவு குறைந்தாலும் முதலில் வாங்கிய முழுத் தொகைக்கே கடைசிவரை வட்டி போடுவது. 8 சதவீத ஃபிளாட் என்றால் 30 லட்சத்துக்கு இருபது வருடத்தில் 48 லட்சம் வட்டி. குறைகிற பாக்கிக்கு 8.5 என்றால் முப்பத்திரண்டரை லட்சத்தோடு முடிகிறது. எண் சின்னது, வட்டி பெரியது. “பாக்கிக்கு வட்டியா, முழுத்தொகைக்கா?” என்று கேட்க வெட்கப்படாதீர்கள்.

5. மிதக்கும் வட்டி மிதந்துகொண்டே இருக்கும்

2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் மிதக்கும் வட்டி வீட்டுக் கடன்கள், வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் தரும் வட்டியான ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு கட்டப்பட்டிருக்கின்றன. கொரோனா காலத்தில் ரெப்போ 4 சதவீதம். 2022 மே மாதம் ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரியில் 6.5 ஆயிற்று. 2025-ல் மறுபடி இறங்கியது.

என் மகள் வீட்டுக் கதை சொல்கிறேன். 2021-ல் குறைந்த வட்டி என்று கடன் வாங்கினார்கள். வட்டி ஏற ஏற குறுஞ்செய்தி வந்திருக்கிறது. தவணைத் தொகை மாறாததால் யாரும் படிக்கவில்லை. வட்டிக் கணக்கில் ஊறிய நானும் கேட்கவில்லை. ஒருநாள் மாப்பிள்ளை சீட்டைக் கொண்டுவந்து காட்டியபோது கடைசித் தவணை அவர் ஓய்வு பெறும் வருடத்தைத் தாண்டிப் போயிருந்தது. தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டியிருந்தார்கள்.

கணக்கைப் பாருங்கள். 6.5 சதவீதத்தில் 30 லட்சம், 20 வருடம்: தவணை 22,367. இரண்டு வருடம் கட்டியபின் பாக்கி 28 லட்சத்து 44 ஆயிரம். அன்று வட்டி 9 ஆனால் ஒரு மாத வட்டியே 21,300-ஐத் தாண்டும். அதே தவணையைக் கட்டினால் மிச்சமிருந்த 18 வருடம் 34 வருடமாகும்.

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா, கொஞ்சம் அசலைக் கட்டுவதா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை கடன் வாங்கியவருக்கு உண்டு என்றது. கேட்டால்தான் உரிமை. முடிந்தவரை தவணையைக் கூட்டச் சொல்லுங்கள். வட்டி இறங்கும்போது தவணையைக் குறைக்காமல் விட்டுவிடுங்கள். காலம் தானே சுருங்கும்.

6. முன்கூட்டிக் கட்டுவதானால் முதலிலேயே கட்டுங்கள்

முதல் வருட முடிவில் ஒரு லட்சத்தை அசலில் கட்டி, தவணையை மாற்றாமல் விட்டால் கடைசியில் 18 தவணை கழிந்துவிடும். அதன் தொகை 4 லட்சத்து 70 ஆயிரம். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாம் வருட முடிவில் கட்டினால் ஆறு தவணைகூடக் கழியாது. ரூபாய் ஒன்றுதான், நாள்தான் வேறு.

பெரிய தொகை இல்லையே என்பீர்கள். தீபாவளி போனஸில் வருடத்துக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டிவந்தாலே இருபது வருடக் கடன் மூன்று வருடத்துக்கு மேல் முன்னதாக முடியும். சுமார் ஆறு லட்சம் வட்டி மிச்சம். மிதக்கும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கி அபராதம் போடக்கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012-லேயே சொல்லிவிட்டது. கட்டும்போது “அசலில் வரவு வையுங்கள், காலத்தைக் குறையுங்கள்” என்று எழுதிக் கொடுத்துவிட்டு வாருங்கள்.

7. தவணைக்கு வெளியே போகிற காசையும் கூட்டுங்கள்

தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2. அதற்குமேல் பத்திரத்தை வங்கியில் ஒப்படைக்கும் எம்.ஓ.டி. பதிவு, பிராசஸிங் கட்டணம், வக்கீல் பார்வை, மதிப்பீட்டாளர் கூலி. வீடு கட்டி முடிகிறவரை வாங்கிய அளவுக்கு வட்டி மட்டும் கட்டுவார்கள்; அதில் அசல் ஒரு ரூபாய்கூடக் கழியாது. வீடு தாமதமானால் வாடகையும் அந்த வட்டியும் இரட்டைச் சுமை.

கடனோடு சேர்த்துக் கொடுக்கிற இன்ஷூரன்ஸைக் கவனியுங்கள். பிரீமியத்தையும் கடனிலேயே ஏற்றிவிட்டால் அதற்கும் இருபது வருட வட்டி. இன்ஷூரன்ஸ் வேண்டும், கைக்காசில் தனியாக எடுங்கள்.

2024 அக்டோபர் முதல் கடன் தருகிறவர்கள் முக்கிய விவரத் தாள் ஒன்று கொடுத்தாக வேண்டும். கட்டணங்களையும் சேர்த்து வருடத்துக்கு உண்மையில் எத்தனை சதவீதம் ஆகிறது என்று அதில் இருக்கும். விளம்பரத்தில் உள்ள எண்ணை விட்டுவிட்டு, இரண்டு வங்கியின் அந்த எண்ணைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள்.

8. வரிக்காகக் கடன் வாங்காதீர்கள்

நம் உதாரணத்தில் முதல் வருட வட்டி இரண்டரை லட்சத்துக்கு மேல். பழைய வரிமுறையில், தான் குடியிருக்கும் வீட்டுக்கு இரண்டு லட்சம்வரைதான் கழிவு. முப்பது சதவீதம் கட்டுகிறவருக்கும் மிச்சம் அறுபதாயிரத்தை ஒட்டித்தான். புதிய முறையில் அந்தக் கழிவே கிடையாது. ஒரு ரூபாய் கொடுத்துக் கால் ரூபாய் வாங்குவதை லாபம் என்று எந்தப் பேரேட்டிலும் எழுத முடியாது.

9. ஆறு தவணை கையில் இல்லாமல் கையெழுத்துப் போடாதீர்கள்

1930-க்குப் பிறகு நெல் விலை விழுந்தபோது கீழ்ப் பர்மா விவசாயிகளால் எங்கள் பக்கத்துச் செட்டியார்களிடம் வாங்கிய கடனைக் கட்ட முடியவில்லை. அங்குள்ள முக்கிய நெல் மாவட்டங்களில் செட்டியார்கள் வசம் 1930-ல் இருந்த நிலம் 6 சதவீதம். 1938-ல் 25 சதவீதம் ஆனது. ரொக்கம் கேட்டவர்களுக்கு வயல் வந்தது. பிறகு போர் வந்தது, 1948-ல் நில நாட்டுடைமைச் சட்டம் வந்தது. நிலம் இழந்த விவசாயியும் தேறவில்லை, நிலம் வாங்கிய முதலாளியும் தேறவில்லை. கொடுத்தவனுக்கு உங்கள் வீடு வேண்டாம், தவணைதான் வேண்டும் என்பதை அங்கிருந்து கற்றுக்கொள்ளுங்கள்.

ஆகையால் வேலை போனாலோ நோய் வந்தாலோ ஒளியாதீர்கள். முதல் தவணை தவறும் முன்பே வங்கிக்குப் போய்ப் பேசுங்கள். 90 நாளுக்கு மேல் பாக்கி நின்றால் அது வாராக் கடன். 2002-ம் வருடச் சர்ஃபாசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ் வரும். அதற்குப்பின் பேசுகிறவர் கை தாழ்ந்துதான் இருக்கும். ஆறு மாதத் தவணை தனியாக வைப்பில் கிடக்கட்டும். முன்பணத்துக்காக ஆச்சியின் நகையை அடகு வைத்தால் அது இன்னொரு கடன். வீடு ஒன்று, வட்டி இரண்டு.

10. கடன் தீர்ந்ததும் வேலை தீரவில்லை

முழுக்கக் கட்டியபின் 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். தாமதத்துக்கு வங்கியே காரணமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் ஈடு தர வேண்டும் என்பது 2023-ல் வந்த ரிசர்வ் வங்கி ஆணை. கொடுத்த தாள்களின் பட்டியலைக் கடன் வாங்கும் நாளிலேயே நகல் எடுத்து வையுங்கள். ஒவ்வொன்றாக ஒப்பிட்டு வாங்குங்கள். எம்.ஓ.டி.யைப் பதிவு செய்திருந்தால் அதை ரத்து செய்யும் ரசீது ஆவணத்தையும் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிய வேண்டும். பலர் இதை மறந்துவிட்டு, வீட்டை விற்கும்போது பழைய கடன் இன்னும் வில்லங்கத்தில் நிற்பதைப் பார்த்து அலைகிறார்கள்.

கடைசித் தவணை கட்டிய அன்று பாயசம் வைப்பது இருக்கட்டும். வில்லங்கச் சான்று போட்டுப் பாருங்கள். அதில் தீராத கடன் எதுவும் நிற்கவில்லையென்றால் அடுப்பைப் பற்றவையுங்கள்.