ஒரு காலை, ஒரு வழிகாட்டி, ஒரு துண்டு ஊர்

இத்தாலிக்குச் சுற்றுலா போகிற நம்மவர்கள் பலர் ரோமிலோ பிளாரன்ஸிலோ தங்கள் குடும்பத்துக்கு மட்டும் ஒரு வழிகாட்டியை அமர்த்திக்கொண்டு இரண்டு மூன்று மணி நேரம் நடக்கிறார்கள். சந்து சந்தாக நின்று கதை கேட்கிறார்கள். திரும்பி வந்து அந்த ஊரைப் பற்றி நிறைவோடு பேசுகிறார்கள். அவர்களே திருநெல்வேலிக்கு வந்தால் வாடகைக்குக் கார் எடுத்து நெல்லையப்பர் கோயில், கிருஷ்ணாபுரம், திருச்செந்தூர் என்று ஒரே நாளில் ஓடி முடித்து, அல்வாப் பொட்டலத்தோடு ரயிலேறிவிடுகிறார்கள். சொந்த ஊரைப் பார்க்க யாராவது ஆள் வைப்பார்களா என்ற எண்ணம் நமக்கு இருக்கிறது. வைக்க வேண்டும் என்பதே என் கட்சி.

நான் சீவலப்பேரிக்காரன். வெளியூரிலிருந்து வரும் உறவினர்களையும் நண்பர்களையும் விவரம் தெரிந்த ஒருவரோடு அனுப்பியும், நானே அவர்களோடு சேர்ந்து நடந்தும் வருகிறேன். அந்த நடைகள் எனக்குக் கற்றுத்தந்ததை இங்கே எழுதுகிறேன். பிளாரன்ஸ் போகிறவருக்கும் இது பயன்படும், பாளையங்கோட்டை போகிறவருக்கும் பயன்படும்.

முதலில் ஊரைச் சுருக்குங்கள்

ஒரு காலைக்கு ஒரு துண்டு ஊர் போதும். திருநெல்வேலியைச் சுற்றி நடந்து பார்க்க எனக்குத் தெரிந்து மூன்று நல்ல துண்டுகள் உண்டு.

ஒன்று, டவுன். நெல்லையப்பர் கோயிலும் அதைச் சுற்றிய நான்கு ரத வீதிகளும். நெல்லையப்பர் சன்னதியையும் காந்திமதி அம்மன் சன்னதியையும் இணைக்கிற சங்கிலி மண்டபம், தட்டினால் இசை எழும் கல்தூண்கள், தாமிர சபை என்று கோயிலுக்குள்ளேயே ஒரு காலை ஓடிவிடும்.

இரண்டு, ஆற்றங்கரையிலிருந்து பாளையங்கோட்டை வரை. வெள்ளம் வந்தால் மூழ்கி, வடிந்ததும் எழுந்து நிற்கிற குறுக்குத்துறை முருகன் கோயிலில் தொடங்கலாம். அடுத்து 1843இல் திறக்கப்பட்ட சுலோசன முதலியார் பாலம். அங்கிருந்து பாளையங்கோட்டைக்குப் போனால் 1785இல் எழுந்த கிளாரிந்தா ஆலயமும் 1826ஆம் ஆண்டைச் சேர்ந்த ஊசிக்கோபுரத் தேவாலயமும். இடையில் கொஞ்ச தூரம் ஆட்டோ தேவைப்படும்.

மூன்று, எங்கள் சீவலப்பேரி. பொதிகையில் பிறந்து வரும் தாமிரபரணியோடு குற்றால மலையிலிருந்து வரும் சிற்றாறு கலக்கிற இடம். கயத்தாறு பக்கத்து ஓடையையும் சேர்த்து முக்கூடல் என்பார்கள். முக்கூடற்பள்ளு பாடுகிற அழகர் குடிகொண்ட ஊர் இது. ஆற்றங்கரையில் துர்க்கை கோயில் இருக்கிறது. தென்மாவட்டங்களில் எத்தனையோ குடும்பங்கள் குலதெய்வமாகக் கும்பிடும் சுடலைமாடன் இங்கேதான் இருக்கிறார்.

இந்த மூன்றையும் ஒரே காலையில் திணிக்காதீர்கள். வழிகாட்டியே ‘எல்லாத்தையும் காட்டிருதேன்’ என்று சொன்னாலும் ஒன்றைத் தேர்ந்துகொண்டு, ‘இது மட்டும் போதும், நிதானமாகப் பார்ப்போம்’ என்று சொல்லுங்கள். நல்ல வழிகாட்டிக்கு அதைக் கேட்டதும் முகம் மலரும்.

யாரைக் கூப்பிடுவது

இத்தாலியில் உரிமம் இல்லாமல் சுற்றுலா வழிகாட்டியாக வேலை பார்க்க முடியாது. தேர்வெழுதித்தான் உரிமம் வாங்க வேண்டும். நம்மிடமும் சுற்றுலாத் துறை அங்கீகரித்த வழிகாட்டிகள் உண்டு. பெரிய கோயில்களுக்கும் நினைவுச் சின்னங்களுக்கும் போகிறபோது அடையாள அட்டை கேட்டுப் பார்த்து அமர்த்துவது நல்லது. சீவலப்பேரி மாதிரி ஊர்களுக்கு அப்படிப்பட்டவர்கள் கிடைப்பது அரிது. ஊருக்குள்தான் தேட வேண்டும். ஓய்வுபெற்ற தமிழாசிரியர், கோயிலில் நெடுநாள் வேலை பார்த்தவர், வாய்க்கால் தண்ணீர்ப் பங்கீட்டைக் கவனித்த விவசாயி, ஆற்றில் மீன் பிடித்தவர் என்று ஒவ்வொருவரிடமும் ஊரின் ஒரு பக்கம் இருக்கிறது. உங்களுக்கு எந்தப் பக்கம் வேண்டும் என்று முதலில் தீர்மானித்தால் ஆளைத் தேடுவது எளிது.

ஆளைத் தேர்ந்தெடுக்க நான் போனில் ஒரே கேள்விதான் கேட்பேன்: “எங்கிருந்து நடக்க ஆரம்பிக்கலாம், ஏன் அங்கிருந்து?” இதற்குக் காரணத்தோடு பதில் சொல்கிறவரை நம்பலாம். ‘எங்க வேணும்னாலும் ஆரம்பிக்கலாம்’ என்பவர் மனப்பாடம் செய்த பட்டியலோடு வருவார். பேச்சின் பாதியில் கடைகளின் பெயர் வரத் தொடங்கினால் வேறு ஆளைப் பாருங்கள்.

பணத்தை முதலிலேயே பேசுங்கள்

‘நீங்க பாத்துக் குடுங்க’ என்பது நம் ஊர்ப் பண்பு. அதில் கூச்சம் இருக்கிறது, மரியாதையும் இருக்கிறது. ஆனாலும் நீங்களே முந்திக்கொண்டு தொகையைச் சொல்லிவிடுங்கள். எத்தனை மணி நேரம், எத்தனை பேர், ஆட்டோ யார் செலவு, காலைச் சாப்பாடு யார் பொறுப்பு என்பதெல்லாம் நடப்பதற்கு முந்தின நாளே முடிந்துவிட வேண்டும். கிராமத்துப் பெரியவர் ஒருவர் உங்களுக்காக ஒரு காலையை ஒதுக்கினால், ஒரு கொத்தனாரின் ஒரு நாள் கூலிக்குக் குறையாமல் கொடுப்பது என் வழக்கம். அவர் வாங்க மறுத்தால் பேரப்பிள்ளை கையில் கொடுங்கள். அவருடைய நினைவு இலவசமாகக் கிடைக்கிற பொருள் என்று நாம் நடந்துகொள்ளக் கூடாது.

நேரம், வெயில், செருப்பு

காலை ஆறு, ஆறரைக்கெல்லாம் காலை எடுத்து வைத்துவிட வேண்டும். ஒன்பதரைக்கு மேல் நெல்லை வெயில் கதை கேட்க விடாது. கோயில்களில் நண்பகலோடு நடை சாத்தினால் பெரும்பாலும் மாலை நாலு மணிக்கு மேல்தான் திறப்பார்கள். பிளாரன்ஸின் புகழ்பெற்ற உஃபிசி ஓவியக்கூடத்துக்குத் திங்கட்கிழமை விடுமுறை என்று தெரியாமல் போய்க் கதவைப் பார்த்துத் திரும்புகிறவர்கள் உண்டு. எந்த ஊரானாலும் திறக்கும் நேரத்தை வழிகாட்டியிடம் முந்தின நாள் உறுதிசெய்துகொள்ளுங்கள்.

தமிழ்நாட்டுக் கோயில்களுக்குள் கைப்பேசி கூடாது என்று சென்னை உயர் நீதிமன்ற மதுரைக் கிளை 2022 டிசம்பரில் உத்தரவிட்டது. ஆகவே கைப்பேசியை எங்கே வைப்பது என்று முன்பே கேட்டுவையுங்கள். கழற்றி மாட்டச் சுலபமான செருப்பு, தொப்பி அல்லது குடை, தண்ணீர் பாட்டில், ஒரு சின்ன நோட்டு. இதற்கு மேல் எதுவும் தேவைப்பட்டதில்லை. வயதானவர்கள் கூட வந்தால் உட்கார நிழலும் கழிப்பறையும் எங்கெங்கே உண்டு என்பதை வைத்தே வழியை வகுக்கச் சொல்லுங்கள்.

கேள்விதான் நடை

பணம் கொடுத்துத் தனியாக ஒருவரை அமர்த்துவதன் முழுப் பயனும் இங்கேதான். கூட்டத்தோடு போனால் அவர் சொல்வதை நாம் கேட்போம். தனியாகப் போனால் நாம் கேட்பதை அவர் சொல்வார்.

‘இது எந்த நூற்றாண்டு?’ என்ற கேள்விக்கு ஓர் எண் பதிலாக வரும். அதற்குமேல் பேச்சு நகராது. சீவலப்பேரி ஆற்றங்கரையில் நான் வேறு மாதிரி கேட்டுப் பழகியிருக்கிறேன். ஒருநாள் கூட வந்த பெரியவரிடம், “அண்ணாச்சி, போன வெள்ளத்துல தண்ணி எதுவரை ஏறுச்சு?” என்றேன். 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் வந்த வெள்ளத்தைத்தான் கேட்டேன். காயல்பட்டினத்தில் ஒரே நாளில் ஏறத்தாழ 95 சென்டிமீட்டர் மழை கொட்டிய நாட்கள் அவை. அவர் நடந்துபோய் ஒரு சுவரில் கையை வைத்தார். “இங்ஙன வரைக்கும் வந்துட்டுல்லா தம்பி. தொண்ணூத்திரண்டுல வந்தது வேற மாதிரி. அப்ப ராத்திரியோட ராத்திரியா ஏறிட்டு” என்று தொடங்கினார். கரையில் வீடுகள் ஏன் இந்த மேட்டில் இருக்கின்றன, எந்த வயலில் மணல் மூடியது, எந்தப் படித்துறை காணாமல் போனது என்று ஊரின் வரைபடமே அவர் பேச்சில் வந்துவிட்டது.

பிளாரன்ஸில் 1966 நவம்பர் 4ஆம் தேதி ஆர்னோ ஆறு ஊருக்குள் புகுந்தது. தண்ணீர் ஏறிய உயரத்தைத் தெருச் சுவர்களில் பலகை பதித்துக் குறித்திருக்கிறார்கள். வழிகாட்டி அதற்குக் கீழே நம்மை நிறுத்தி அண்ணாந்து பார்க்கச் சொல்லலாம். நம் கரையில் அந்தக் குறி பெரும்பாலும் மனிதர்களின் நினைவில் மட்டுமே இருக்கிறது. கேட்டால்தான் கிடைக்கும்.

இன்னொரு நல்ல கேள்வி: “இந்தத் தண்ணி எங்க போகுது?” சீவலப்பேரியில் இதைக் கேட்டால் கோவில்பட்டிக்குக் குடிநீர் போகும் குழாய் வரை பேச்சு நீளும். கரிசல் மண்ணின் தீப்பெட்டி ஊர் எங்கள் ஆற்றைக் குடிக்கிறது என்று அறிந்தபின் அந்த மணல்வெளியைப் பார்க்கிற பார்வையே மாறிவிடுகிறது.

மூன்று வகைப் பேச்சைப் பிரித்துக் கேளுங்கள்

வழிகாட்டி சொல்வதில் கல்வெட்டும் ஆவணமும் சொல்வது உண்டு, தலபுராணம் உண்டு, ஊர்ப் பேச்சு உண்டு. மூன்றுமே வேண்டும். ஆனால் எது எதுவென்று தெரிந்துகொள்ள வேண்டும். “இது கல்வெட்டுல இருக்கா, புராணத்துல இருக்கா, ஊர்ல சொல்றதா?” என்று பணிவாகக் கேட்டால் யாரும் கோபப்படுவதில்லை.

கலெக்டர் அலுவலகத்தில் சிரஸ்தாராக இருந்த சுலோசன முதலியார் தம் பணத்தைக் கொடுத்து ஆற்றின் மேல் பாலம் எழுப்பினார் என்பது வரலாறு. அவர் மனைவி நகைகளைக் கழற்றிக் கொடுத்தார் என்பது நெல்லை நெஞ்சோடு சேர்த்துச் சொல்கிற கதை. பாளையங்கோட்டையில் அந்த ஆலயத்தை எழுப்பிய கிளாரிந்தாவைப் பற்றி அ. மாதவையா 1915இல் ஆங்கிலத்தில் ஒரு நாவலே எழுதினார். கிளாரிந்தாவைப் பற்றி இன்று சொல்லப்படும் கதைகளில் நாவலின் சாயலும் கலந்திருக்கலாம் என்ற நினைவோடு கேட்பது நல்லது. காயப்போட்ட நெல் மழையில் நனையாமல் இறைவன் வேலி கட்டினான் என்பது நெல்லையப்பர் கோயிலின் தலபுராணம். பிரித்துக் கேட்பதால் எந்தக் கதையின் அழகும் குறைவதில்லை. யார், எதற்காக அப்படிச் சொல்லத் தொடங்கினார்கள் என்ற அடுத்த கேள்வி பிறக்கிறது.

கும்பிடுகிற இடம்

சுடலைமாடன் கோயிலுக்கு வருகிறவர்கள் வேண்டுதலோடு வருகிறார்கள். கொடை நாட்களில் வில்லுப்பாட்டும் கணியான் கூத்தும் சாமியாட்டமும் நடக்கும் இடத்தில் நீங்கள் விருந்தாளி. யார்மேலும் சாமி இறங்கியிருக்கும்போது படம் எடுக்காதீர்கள். எங்கே நிற்கலாம், எதைத் தொடக் கூடாது, எப்போது விலக வேண்டும் என்பதை வழிகாட்டி சொன்னபடி செய்யுங்கள். ரோமிலும் தோளும் முழங்காலும் மூடிய உடையில்தான் பல தேவாலயங்களுக்குள் விடுவார்கள். கும்பிடுகிறவர்களின் ஒழுங்குக்குக் கட்டுப்படுவது எந்த நாட்டிலும் பயணியின் முதல் கடமை.

அன்று இரவே எழுதுங்கள்

கேட்டதை அன்று இரவே நோட்டில் எழுதிவிடுங்கள். பேசியவரின் சொற்களிலேயே எழுதுங்கள். அடுத்த முறை ஊருக்கு வரும்போது அவரிடமே மறுபடி போங்கள். இரண்டாம் நடையில் அவர் முதல் நடையில் சொல்லாததைச் சொல்வார், ஏனென்றால் அப்போது நீங்கள் தெரிந்த பிள்ளை ஆகிவிடுகிறீர்கள்.

இவ்வளவையும் எழுதுவதற்கு ஒரு காரணம் உண்டு. தாமிரபரணிக் கரையில் படித்த பிள்ளைகள் எத்தனையோ பேர் வேலை தேடி வெளியூர் போகிறார்கள். அவர்களில் சிலராவது தங்கள் ஊரை நடத்திக் காட்டியே கௌரவமாகப் பிழைக்க முடிய வேண்டும். அதற்கு அரசுப் பயிற்சி வேண்டும், கல்லூரிகள் முன்வர வேண்டும். எல்லாவற்றுக்கும் முன்னால், பேசிய கூலியைக் குறைக்காமல் கொடுத்து, நின்று கேள்வி கேட்கிற உள்ளூர்க்காரர்கள் வேண்டும். அடுத்த விடுமுறைக்கு நெல்லை வரும்போது காருக்கு எடுத்துவைத்த பணத்தில் பாதியை ஒரு வழிகாட்டிக்குக் கொடுத்துவிட்டு, ஒரு காலை அவரோடு நடந்து பாருங்கள்.