கடற்கரைக்குப் பெயர் கொடுத்த குளத்துப் பூ

தூத்துக்குடி என்றதும் முத்துக்குளிப்பும் உப்பளமும் துறைமுகமும்தான் ஞாபகத்துக்கு வரும். இந்த மாதிரி கடற்கரை நிலத்துக்குச் சங்க காலத்தில் வைத்த பெயர் நெய்தல். அது ஒரு பூவின் பெயர். ஆனால் அதைத் தேடிக் கடலோரம் போய் நிற்காதீர்கள், உப்புத் தண்ணீர் அதற்கு ஆகாது! ஸ்ரீவைகுண்டம் அணையிலிருந்து வடகால் வழியே தாமிரபரணித் தண்ணீர் வந்து சேருகிற கோரம்பள்ளம் குளம் போன்ற நன்னீர்தான் அதற்கு ஏற்றது.

நெய்தல் என்பது நீலாம்பல்தான் என்கிறார்கள் அறிஞர்கள் பலர். தாவரவியலில் 'நிம்ஃபேயா நௌச்சாலி'. இலங்கையின் தேசிய மலரும் இதுவே. காலையில் விரிந்து பிற்பகலில் மூடிக்கொள்ளும். இரவில் விரிகிற அல்லி இதற்கு ஒன்றுவிட்ட அக்காள் மாதிரி, இனம் வேறு. தாமரை இலை முழு வட்டம். ஆம்பல் இலையோ காம்பு வரை ஒரு பக்கம் பிளந்திருக்கும்.

மூச்சுத் துளைகள் இலையின் மேல்பக்கத்தில் இருக்கின்றன. அங்கிருந்து காம்பிலுள்ள குழாய்கள் வழியாகச் சேற்றுக்குள் இருக்கும் கிழங்குக்குக் காற்று போகிறது. குளம் வற்றினாலும் கிழங்கு சாகாது. தண்ணீர் வந்ததும் துளிர்த்துவிடும்.

இந்தக் கிழங்கை அவித்துத் தின்பது பழைய வழக்கம். இன்று கொஞ்சம் யோசிக்க வேண்டும். நீர்த்தாவரங்கள் சேற்றிலுள்ள ஈயம், காட்மியம் போன்றவற்றை உறிஞ்சி வைத்துக்கொள்ளும். அவித்தாலும் அவை போகாது. சாக்கடையோ ஆலைக்கழிவோ கலக்கிற குளத்துக் கிழங்கு வேண்டவே வேண்டாம். நல்ல குளத்துக் கிழங்கானாலும் பச்சையாகக் கடிக்காமல், தோல் சீவி வேகவைத்தே கொடுங்கள். பூப் பறிக்கப் பிள்ளைகளைக் குளத்தில் இறக்காதீர்கள். கயிறு மாதிரி தண்டுகள் காலைச் சுற்றிக்கொள்ளும், அடியில் சேறு வேறு.