இரையின் வழியே பொறிவண்டை அறிதல்: யாழ்ப்பாணக் குடாநாட்டுக் களக் குறிப்புகள்

யாழ்ப்பாணக் குடாநாட்டின் செம்மண் தோட்டங்களில் பொறிவண்டுகளைக் கண்டறிய விரும்புபவர் முதலில் தேட வேண்டியது வண்டை அன்று, அது உண்ணும் இரையையே ஆகும். பயிற்றங்கொடியின் இளநுனிகளில் கறுப்பாக மொய்த்திருக்கும் அழுக்கணவன், அதாவது தமிழ்நாட்டார் அசுவினி என அழைப்பதும் தாவரச் சாற்றை உறிஞ்சி வாழ்வதுமான மென்னுடற் பூச்சி, எந்தச் செடியில் குடியேறியிருக்கிறதோ அந்தச் செடிக்குப் பொறிவண்டு சில நாட்களுக்குள் வந்து சேரும். அழுக்கணவன் கழிக்கும் தேன்போன்ற இனிப்பு நீரை நாடி எறும்புகள் வருவதால், தண்டில் ஏறி இறங்கும் எறும்பு வரிசையைப் பின்தொடர்ந்தால் பூச்சிக் கூட்டத்தை எளிதில் அடையலாம். ஆயினும் எறும்புகள் மிகுதியாகக் காவல் காக்கும் நுனிகளில் பொறிவண்டு விரட்டப்படுவதுண்டு என்பதால், அதே செடியில் எறும்பில்லாத கிளைகளையும் பார்த்த பின்னரே ‘இங்கே வண்டு இல்லை’ என்று குறிப்பேட்டில் எழுதுவது முறையாகும்.

தொடங்குபவருக்கு மிகச் சிறந்த பள்ளிக்கூடம் எருக்கலைச் செடியே எனலாம். ஒழுங்கை ஓரங்களிலும் தரவைக் காணிகளிலும் பரவலாக வளரும் இச்செடியில் மஞ்சள் நிற அழுக்கணவன் கூட்டங்கூட்டமாக வாழ்கிறது. மருந்து தெளிக்கப்படாத செடி என்பதால் முட்டை, குடம்பி, கூட்டுப்புழு, நிறையுடலி ஆகிய நான்கு வாழ்க்கைப் பருவங்களையும் ஒரே கிளையில் ஒருசேரக் காணும் வாய்ப்பும் அங்கு அமைகிறது. எருக்கலைப் பாலின் நச்சுப் பொருட்கள் இந்த அழுக்கணவனின் உடலிலும் சேர்வதால் அது பொறிவண்டுகளுக்குச் சிறந்த உணவன்று என்பதையும், லக்னோ பல்கலைக்கழகத்தில் நடந்த வளர்ப்புச் சோதனைகளில் இதை உண்டவை மற்ற அழுக்கணவன்களை உண்டவற்றைக் காட்டிலும் மந்தமாகவே வளர்ந்தன என்பதையும் இங்கு நினைவிற் கொள்ளல் வேண்டும். அவ்வாறிருந்தும், தோட்டத்தில் வேறு இரை அருகியிருக்கும் வேளையில் வண்டுகள் இச்செடியை நாடுகின்றன.

குடாநாட்டின் மழை பெரும்பாலும் ஐப்பசி முதல் மார்கழி வரை வடகீழ்ப் பருவக் காற்றோடு பெய்து முடிகிறது. கனமழை அழுக்கணவனைக் கழுவிக் கொண்டுபோவதால் அம்மாதங்களில் தேடல் பெரிதும் பயன் தராது. மழை ஓய்ந்து பனி இறங்கும் தை, மாசி மாதங்களில் மிளகாய், கத்தரி, புகையிலை, பயிற்றை ஆகியன தோட்டத்தில் நிற்கும்போதே கண்ணுக்கு விருந்து கிடைக்கிறது. நாளில் ஏற்ற வேளை காலையே ஆகும். வெயில் ஏறியபின் வண்டுகள் இலையடியில் ஒதுங்கிவிடும், அல்லது தொடுமுன் பறந்துவிடும். பத்து மடங்கு பெருக்கிக் காட்டும் கைவில்லை, மெல்லிய தூரிகை, மூடியில் துளையிட்ட கண்ணாடிப் போத்தல், மில்லிமீற்றர் அளவுகோல், கிளையைத் தட்டும்போது கீழே விரிக்க ஒரு வெள்ளைத் துணி ஆகியவை போதுமானவை. விரல்களால் பற்றினால் வண்டு கால் மூட்டுகளிலிருந்து மஞ்சள் நிறக் கசப்பு நீரைக் கசியவிட்டு, கால்களை மடக்கிச் செத்ததுபோற் கிடக்கும். அந்நிலையில் எடுத்த படம் இனங்காண உதவாது.

இனங்காண்பதில் தொடக்கநிலையினர் செய்யும் முதற்பிழை, முதுகிலுள்ள புள்ளிகளை எண்ணி அதனாலேயே பெயரிட முயல்வதாகும். குடாநாட்டில் அடிக்கடி தென்படும் கீலோமெனிஸ் செக்ஸ்மாகுலாட்டா என்னும் இனத்தின் பெயருக்கு ‘ஆறு பொட்டுடையது’ என்பது பொருளாயினும், உயிருள்ள வண்டில் பெரும்பாலும் காணப்படுவன பொட்டுகள் அல்ல, மஞ்சள் அல்லது செம்மஞ்சள் நிறத்தின்மேல் நெளிந்தோடும் கரிய கோடுகளே. அவையும் ஒரு வண்டுக்கு ஒரு விதமாகத் தடித்தும் மெலிந்தும் வேறுபடுகின்றன. இதனோடு எளிதில் மயங்கத்தக்கது கொக்சினெல்லா டிரான்ஸ்வெர்சாலிஸ் என்னும் இனம். இவ்விரண்டையும் பிரித்தறியப் பார்க்க வேண்டிய இடம் முன்முதுகு, அதாவது தலைக்கும் வன்சிறகுக்கும் இடையேயுள்ள கவசத் தகடு ஆகும்: கொக்சினெல்லாவில் அது கறுப்பாக இருந்து முன்மூலைகளில் மட்டும் வெளிர்நிறத் திட்டுகளைக் கொண்டிருக்க, கீலோமெனிஸில் வெளிர்நிறமே பரந்து நின்று நடுவில் கரிய அடையாளம் அமைந்திருக்கும். ஆகவே மேலிருந்து ஒரு படத்தோடு நிறுத்தாமல், முன்னிருந்து முகமும் முன்முதுகும் தெளியும்படி இன்னொரு படமும், பக்கவாட்டில் ஒன்றும், செடியும் இரையும் தெரியும்படி ஒன்றும் எடுப்பவர் பின்னர் வருந்த நேராது. கூட்டுப்புழுவிலிருந்து அப்போதே வெளிவந்த வண்டு புள்ளியோ கோடோ இன்றி வெளிர்மஞ்சளாக இருக்கும். நிறம் தேற நேரமெடுக்கும் என்பதால் அத்தகைய ஒன்றைக் கண்டு புதிய இனம் என எண்ணிவிடலாகாது.

இரண்டாவது பிழை இதனினும் கேடானது. கத்தரி இலையில் மேயும் எபிலக்னா வண்டும் பொறிவண்டுக் குடும்பத்தைச் சேர்ந்ததே. ஆனால் இருபத்தெட்டுப் புள்ளிகள் வரை கொண்ட அது பூச்சிகளை உண்பதன்று, இலையின் பச்சையத்தைச் சுரண்டி உண்டு நரம்புகளை மட்டும் சல்லடைபோல் விட்டுவைப்பது. வேறுபாட்டை அறிய எண்ணிக்கை தேவையில்லை. இரையுண்ணும் வண்டுகளிற் பெரும்பாலானவற்றின் முதுகு நெய் பூசியதுபோல் மினுங்க, எபிலக்னாவின் முதுகு நுண்மயிர் போர்த்து மங்கலாக இருக்கும். குடம்பிகளின் வேறுபாடு இன்னும் தெளிவானது: எபிலக்னாவின் குடம்பி மஞ்சளாக, கிளைவிட்ட முட்களோடு இலையிலேயே பதிந்து கிடக்கும், இரையுண்ணியின் குடம்பியோ கருஞ்சாம்பல் உடலில் மஞ்சள் அல்லது வெள்ளைத் திட்டுகளோடு, முதலைக் குட்டியைப்போல் நீண்டு, மூன்று சோடிக் கால்களால் விரைந்து ஓடும். இந்த ஓடும் குடம்பியைப் புழு என்று கருதி நசுக்குவதும், அதற்கெனவே மருந்தடிப்பதும் தோட்டங்களில் நேரும் பேரிழப்பாகும். வண்டு கண்ணிற்கு அழகாக இருப்பதால் காக்கப்படுகிறது. அதைவிட ஊக்கமாக அழுக்கணவனைத் தின்னும் அதன் குடம்பி உருவத்தால் வெறுக்கப்படுகிறது. பொறிவண்டை அறிந்தவர் என ஒருவரை ஏற்பதற்கு, அவர் அதன் குடம்பியை அடையாளம் காட்ட வல்லவரா என்பதே தக்க உரைகல்.

இதே மயக்கம் வெண்மூட்டுப் பூச்சி மொய்த்த கிளைகளிலும் நேர்கிறது. ஸ்கிம்னஸ் முதலிய சிறு வண்டுகளின் குடம்பிகள் வெண்மெழுகு இழைகளால் உடலைப் போர்த்திக்கொள்வதால் அவை தாம் உண்ணும் பூச்சியைப் போலவே தோற்றமளிக்கின்றன. தூரிகையால் மெல்லத் தொட்டதும் எது சுறுசுறுப்பாக நகர்கிறதோ அதுவே பெரும்பாலும் குடம்பி. இவற்றின் நிறையுடலிகள் இரண்டு மில்லிமீற்றர் அளவேயானவை, கைவில்லையின்றி வண்டென்றே தோன்றாதவை. தென்னை ஓலையின் அடிப்புறத்துச் செதிற்பூச்சிகளிடையே மினுங்கும் கரிய கைலோகோரஸ் நைக்ரிட்டஸ் தென்னாசியாவுக்கு உரியது. சீசெல்சுத் தீவுகளின் தென்னைகளைச் செதிற்பூச்சியிலிருந்து காக்க 1930களின் இறுதியில் இவ்வினம் அங்கே கொண்டுசெல்லப்பட்டது. இதன் கூட்டுப்புழு, முதுகுப்புறம் வெடித்த குடம்பித் தோலுக்குள்ளேயே தங்கியிருப்பதால், வண்டு பறந்து போன பின்னும் ஓலையில் எஞ்சிய கூடே அதன் குழுவைச் சொல்லிவிடும். வயலில் நெல் பூக்கும் காலத்தில் காணும் செம்மஞ்சள் மைக்ராஸ்பிஸ் தத்திகளோடு மகரந்தத்தையும் உண்ணும். இல்லெயிஸ் சாதியைச் சேர்ந்த மஞ்சள் வண்டுகளோ பூச்சிகளை விட்டு இலைமேற் படரும் வெண்தூட் பூஞ்சணத்தையே மேய்கின்றன.

பெயரில் ஐயம் எழும்போது வளர்த்துப் பார்ப்பதே நம்பத்தகுந்த வழி. ஒரு போத்தலில் ஒரு குடம்பியை மட்டும் இடல் வேண்டும். ஒன்றுக்கு மேல் இட்டால் ஒன்றையொன்று தின்றுவிடும். நாள்தோறும் அழுக்கணவன் மொய்த்த புது நுனியை வைத்து, தோலுரிக்கும் நாட்களைக் குறித்துவந்தால், முட்டை நிறையுடலியாக இரண்டு மூன்று வாரங்களே ஆவதைக் காணலாம். சில வேளைகளில் கூட்டுப்புழுவிலிருந்து வண்டுக்குப் பதிலாகச் சிறு குளவிகள் வெளிவரும். அதைத் தோல்வியாகக் கொள்ளாமல் அக்குளவிகளையும் தேதியோடு பேணி வைக்க வேண்டும். இந்தியத் துணைக்கண்டத்துப் பொறிவண்டுகளுக்கு ஜே. பூரணி 2002இல் வெளியிட்ட விளக்கப் பட்டியலும், கொக்சினெல்லினி என்னும் பிரிவுக்கு அவரே 2023இல் தந்த படவிளக்கக் கையேடும் ஒப்புநோக்க உதவுவன. எனினும் சில இனங்களை உள்ளுறுப்புகளை ஆராய்ந்தே உறுதிசெய்ய இயலும் என்பதால், ஐயமுள்ள இடத்தில் சாதிப்பெயரோடு நிறுத்திக்கொள்வது ஆய்வு நேர்மையாகும்.

குறிப்பேட்டில் தேதி, நேரம், ஊர், செடி, இரை, எந்தப் பருவத்தில் எத்தனை, அண்மையில் மருந்து தெளிக்கப்பட்டதா என்பன இடம்பெற்றாற் போதும். கோப்பாயிலோ கொடிகாமத்திலோ நெல்லியடியிலோ தோட்டமோ வளவோ உடையவர்கள் வேலியோரத்து எருக்கலை ஒன்றையாவது வெட்டாமல் விட்டு, தை முதல் பங்குனி வரை வாரம் ஒருமுறை அதே செடியை அதே காலை வேளையில் பார்த்து எழுதிவருமாறும், அழுக்கணவன் கண்ட பயிருக்கு மருந்தெடுக்குமுன் இலையைத் திருப்பி ஓடும் குடம்பி உண்டா என்று பார்க்குமாறும் அன்போடு கேட்டுக்கொள்ளப்படுகிறார்கள்.