கொசுவைத் தேர்ந்துண்ணும் ஈப்புலி

சுவரில் வெயில் படும் இடத்தில் சிறு நடையாக நடந்து, சற்றே நின்று, திடீரெனப் பாய்ந்து ஈயைக் கவ்வும் சிலந்தியை அங்கத்தினர் யாவரும் கண்டிருப்பர். அதற்கு ஈப்புலி என்று நம் முன்னோர் பெயரிட்டது மிகவும் பொருத்தமே. வலை பின்னி அதன் நடுவே இரைக்காகக் காத்திருக்கும் வழக்கம் அதற்கில்லை. புலியைப்போல் இரையைக் கண்ணால் கண்டு, பதுங்கிச் சென்று, பாய்ந்து பிடிக்கும். இக்குடும்பத்துச் சிலந்திகள் உலகில் 6,000 வகைகளுக்கு மேல் உள. சிலந்திக் குடும்பங்கள் யாவற்றிலும் வகைகள் மிகுந்தது இதுவே. அவற்றுள் ஆப்பிரிக்காவில் விக்டோரியா ஏரியைச் சார்ந்து கென்யா, உகாண்டா நாடுகளில் வாழும் ஒரு சிறு வகையைப்பற்றி இங்கே கூறப் புகுகிறோம். மலேரியாவைப் பரப்பும் கொசுவுக்கும் இதற்குமுள்ள சம்பந்தம், வேறெந்தப் பிராணியிடத்தும் எளிதில் காணக்கூடியதன்று.

முதலில் ஈப்புலிகளின் பொது இயல்பை அறிந்துகொள்வது நலம். இவற்றிற்குக் கண்கள் எட்டு. ஆறு கண்கள் சுற்றுப்புறத்தில் ஏதேனும் அசைகிறதா என்று காவல் காப்பவை. முன்புறத்தில் நடுவேயுள்ள இரண்டு பெரிய கண்களே பொருளை உற்று நோக்கி அடையாளங் காண்பவை. இவ்விரண்டும் உள்ளே நீண்ட குழல் வடிவாக அமைந்தவை. வெளியே தெரியும் கண்ணாடி போன்ற பாகம் அசைவதில்லை. குழலின் அடியிலுள்ள விழித்திரையைச் சிறு தசைகள் அங்குமிங்கும் திருப்புகின்றன. ஆகவே, ஈப்புலி கல்லைப்போல் அசையாது நிற்கும்பொழுதும் அதன் பார்வை உள்ளுக்குள் இரையின் உறுப்புகளை ஒவ்வொன்றாகத் தடவிக்கொண்டிருக்கும்.

பாய்ச்சலின் இரகசியமும் கூறத்தக்கது. சிலந்தியின் கால்களில் முக்கியமான மூட்டுகளை மடக்கத் தசை உண்டு. நீட்டத் தசை இல்லை. உடலிலுள்ள திரவத்தை அழுத்திக் காலுக்குள் செலுத்தியே அது காலை நீட்டுகிறது. துவண்டு கிடக்கும் தோல்குழாயில் நீரை வேகமாக விட்டால் குழாய் விறைத்து நீள்வதைப் போன்றது இது. பாயுமுன் நின்ற இடத்தில் ஒரு பட்டு நூலை ஒட்டிவிட்டே பாயும். குறி தவறினால் அந்நூலில் தொங்கி மீண்டும் மேலேறிவிடும்.

நாம் எடுத்துக்கொண்ட வகைக்குச் சாஸ்திரப் பெயர் எவார்க்கா குலிசிவோரா என்பது. பெயரின் பிற்பகுதிக்குக் கொசுவுண்ணி என்று பொருள். போலந்து தேசத்து வாண்டா வெசொலோவ்ஸ்கா அம்மையாரும், நியூஸிலாந்தைச் சேர்ந்த ராபர்ட் ஜாக்சன் என்பவரும் 2003-ஆம் ஆண்டில் இதை வருணித்துப் பெயரிட்டனர். வளர்ந்த சிலந்தியின் உடல் ஏறக்குறைய 5 மில்லிமீட்டர், அதாவது ஓர் அரிசியின் நீளந்தான். மரத்தின் அடிப்பாகத்திலும், மனிதர் குடியிருக்கும் வீடுகளின் சுவரிலும் இதைக் காணலாம்.

விக்டோரியா ஏரியிலிருந்து கடியாத சிற்றீக்கள் புகைமண்டலம்போல் கூட்டங்கூட்டமாக எழுவதுண்டு. அவை கரையோரத்துச் சுவர்களில் அப்பிக் கிடக்கும். பார்வைக்கு அவை கொசுவைப் போன்றவையே. வேறொரு பிராணியாயின் கைக்கெட்டிய இந்த இரையே போதுமென்று உண்டு படுத்துவிடும். இச்சிலந்தியோ அக்கூட்டத்தினிடையே கொசுவைத் தேடுகிறது. கொசுவிலும் பெண் கொசுவை விரும்புகிறது. பெண் கொசுவிலும் இரத்தங் குடித்து வயிறு சிவந்ததையே முதலாவதாக விரும்புகிறது. கடன் மனுக்களைப் பரிசீலிக்கும் நம் பஞ்சாயத்தார் சிலர்கூட இவ்வளவு கூர்ந்து பார்ப்பதில்லை.

இதை ஆராய்ச்சியாளர்கள் கண்டறிந்த விதம் எளிமையானது. கென்யாவில் ஏரிக்கரையிலுள்ள ம்பிட்டா என்னும் ஊரில், தாமஸ் ஒடியாம்போ என்னும் கென்ய விஞ்ஞானி 1970-இல் நிறுவிய பூச்சி ஆராய்ச்சி நிலையத்தின் கிளையொன்று உள்ளது. அங்கே இறந்த கொசுக்களை உயிருள்ளவைபோல் நிற்கவைத்து, இரண்டிரண்டாகச் சிலந்தியின் முன் வைத்தனர். அசைவும் மணமும் இல்லாத நிலையிலும் சிலந்தி இரத்தமுண்ட கொசுவையே பெரும்பாலும் நாடிற்று. பின்னர்க் கொசுவைக் கண்ணுக்கு மறைத்து, அதன் மணத்தை மட்டும் காற்றில் செலுத்திப் பார்த்தனர். அப்பொழுதும் அவ்வாறே நாடிற்று. ஆண் கொசுவின் உணர்கொம்பு இறகுபோல் அடர்ந்திருக்கும். பெண் கொசுவினுடையதில் மயிர் குறைவு. இரத்தமுண்ட உடலில் ஆண் கொசுவின் தலையைப் பொருத்திக் காட்டியபொழுது, சிலந்தி இந்த வேறுபாட்டையும் கண்டுகொண்டது. சிவந்த வயிறு ஒன்றையே கொண்டு அது ஏமாந்து போவதில்லை.

இரத்தத்தின்மேல் இவ்வளவு ஆசையிருந்தும், மனிதனையோ மாட்டையோ அது நேரே கடித்து உறிஞ்சாததேன்? தோலைத் துளைத்து இரத்தமெடுக்கும் வாயமைப்பு அதற்கில்லை. கொசுவே அதற்குப் பாத்திரம். சில பத்திரிகைகள் இதைக் காட்டேரிச் சிலந்தி என்று எழுதிவிட்டன. வாசகரைப் பயமுறுத்தும் அத்தகைய பெயர் இதற்குச் சிறிதும் தகாது.

குஞ்சுகளின் உபாயம் இன்னும் வியப்பானது. மலேரியாவைப் பரப்பும் அனாபிலிஸ் கொசு, சுவரில் அமரும்பொழுது தலையைத் தாழ்த்தி வாற்பக்கத்தை உயர்த்திச் சாய்வாக நிற்கும். மற்றக் கொசுக்கள் பெரும்பாலும் சுவருக்கு இணையாகவே உடலை வைத்திருக்கும். நம் வீட்டிலும் இவ்வடையாளத்தால் அனாபிலிஸை இனங்காணலாம். சிலந்திக் குஞ்சு தன்னினும் பெரிய இக்கொசுவை நேரே எதிர்ப்பதில்லை. சுற்றுவழியாகப் பின்புறம் சென்று, உயர்ந்து நிற்கும் வயிற்றின் கீழே நுழைந்து, அடியிலிருந்து எழும்பிக் கவ்வுகிறது. கொசு பறக்க முயன்றாலும் பிடியை விடுவதில்லை. வேறுவகைக் கொசுக்களிடம் குஞ்சு இந்த வழியைக் கையாளுவதில்லை.

இங்கே ஓர் ஐயம் எழக்கூடும். இரத்தங் குடித்த கொசு மனிதனை முன்பே கடித்துவிட்டதன்றோ? அதைக் கொல்வதால் என்ன பிரயோஜனம்? 1897-இல் செகந்திராபாத்தில் ரொனால்ட் ராஸ் கொசுவின் வயிற்றில் மலேரியாக் கிருமியைக் கண்டதிலிருந்து தொடங்கிய ஆராய்ச்சி இதற்கு விடை தருகிறது. நோயாளியின் இரத்தத்தோடு கொசுவினுட் புகுந்த கிருமி உடனே அடுத்தவருக்குத் தொற்றுவதில்லை. அது கொசுவினுள்ளே வளர்ந்து உமிழ்நீர்ச் சுரப்பியை அடைய ஏறக்குறைய 10 முதல் 14 நாட்கள் ஆகும். அதற்குள் அக்கொசு மடிந்தால் கிருமியும் மடியும். அன்றியும், பெண் கொசு இரத்தங் குடிப்பது முட்டைகளை வளர்ப்பதற்காகவே. குடித்தவுடன் கொல்லப்பட்டால் அம்முட்டைகளும் போம். உலகில் மலேரியாவால் இறப்பவருள் மிகப் பெரும்பாலோர் ஆப்பிரிக்கக் கண்டத்தினர். அவருள்ளும் ஐந்து வயது நிரம்பாத குழந்தைகளே மிகுதி. அக்குழந்தைகள் உறங்கும் அறையின் சுவரில் இச்சிலந்தி நடமாடுகிறது என்பதை நினைக்கவேண்டும். பயிர் வேலை மிகுந்த மாதத்தில் வீட்டில் ஒருவர் காய்ச்சலாய்ப் படுத்தால், சாகுபடிக்கென்று வாங்கிய கடன் எங்கே போகும் என்பதைச் சங்கக் கணக்குகளைப் பார்வையிடுவோர்க்குச் சொல்லவேண்டுவதில்லை.

எனினும், இச்சிலந்தியைப் பெட்டியில் அடைத்துக் கொணர்ந்து ஊர்தோறும் விட்டால் மலேரியா ஒழிந்துவிடும் என்று எண்ணுவது பேதைமையாகும். கொசு பெருகும் வேகத்திற்குச் சிலந்தி பெருகுவதில்லை. ஓரிடத்துப் பிராணியை வேறிடத்தில் விடுவதால் விளைந்த கேடுகள் பல உண்டு. கொசுவலையும், தேங்கிய நீரை அகற்றுவதும், காய்ச்சல் கண்டவுடன் இரத்தப் பரிசோதனை செய்வதும் செய்யும் வேலையை எந்தச் சிலந்தியும் செய்யாது. வீட்டைச் சுற்றி அது தானே வாழுமிடத்தில் அதைக் கொல்லாமல் விடுவதே போதுமானது.

இரத்தவுணவு இச்சிலந்தியின் இல்வாழ்க்கைக்கும் உதவுகிறது என்று 2009-இல் வெளியான ஆராய்ச்சி கூறுகிறது. இரத்தமுண்ட கொசுவைத் தின்ற சிலந்தியின் மணம், ஆணாயினும் பெண்ணாயினும், எதிர்ப்பாலை மிகுதியாக இழுக்கிறது. 2011-இல் வேறொரு சோதனை நடந்தது. மனிதர் அணிந்து கழற்றிய காலுறையின் மணத்தையும், துவைத்த காலுறையின் மணத்தையும் தனித்தனியே செலுத்தினர். சிலந்தி அணிந்த காலுறையின் பக்கமே சென்றது. மனிதர் உள்ள இடத்தில் இரத்தமுண்ட கொசு கிடைக்குமாதலால் இது அதற்கு இலாபமான நாட்டமே.

நம் நாட்டு வேலியோரங்களில் மண்டிக் கிடக்கும் உண்ணிச்செடியும், நமக்கு நன்கு பழகிய ஆமணக்கும் ஏரிக்கரையிலும் உள்ளன. இவ்விரண்டின் மணமும் இச்சிலந்தியைக் கவர்கிறது. அவற்றின் தேனையும் அது அருந்துகிறது. நம் வீட்டுச் சுவர்களில் உலாவும் ஈப்புலிகள் வேறு வகையைச் சேர்ந்தவை. கருத்த உடலின் நடுவே அகன்ற வெண்கோடு ஓடும் ஆணையும், பழுப்பு நிறப் பெண்ணையும் உடைய பிளெக்ஸிப்பஸ் என்பது அவற்றுள் ஒன்று. அது கொசு, ஈ, சிறு கரப்பு என்ற பேதம் பாராது, தன்னால் அடக்கக்கூடிய பூச்சிகளைப் பிடித்துண்ணும். சுண்ணாம்பு அடிக்குங்கால் சுவர் மூலையில் தட்டையான வெண்பட்டுப் பை தென்பட்டால், அது பெரும்பாலும் ஈப்புலியின் உறைவிடமாகவோ முட்டைக் கூடாகவோ இருக்கும்.